என் பேருல எழுதுங்க

துக்க வீட்டில் காபி நன்றாக இருக்கிறது என்று சொல்லலாமா, கூடாதா என்பது எனக்கு இன்றுவரை தெரியாது. அன்று நான் சொல்லவில்லை. டம்ளரைக் கீழே வைக்க மனமில்லாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தேன்.

டெல்லி கிட்வாய் நகரில் பழைய குவார்ட்டர்ஸை இடித்துவிட்டுக் கட்டிய அரசு அடுக்குமாடி. ஒன்பதாவது மாடி. கொரோனா அடங்கி ஆபீஸ்கள் முழுசாகத் திறந்த பிறகு வந்த ஒரு மார்ச் மாதம். ஜன்னல் வழியாக வந்த காற்றில் குளிரும் இல்லை, வெயிலும் இல்லை.

சோபாவில் நானும் எங்கள் ஆபீஸின் நலப் பிரிவு அதிகாரி குப்தாஜியும் உட்கார்ந்திருந்தோம். எதிரில் தர்மபுரியிலிருந்து வந்திருந்த கோவிந்தன், இறந்துபோன முருகேசனின் அண்ணன். அவர் பக்கத்தில் முருகேசனின் மகன் கார்த்திக். கல்லூரியில் கடைசி வருடம். மொட்டையடித்த தலையில் முடி அப்போதுதான் முளைக்கத் தொடங்கியிருந்தது. பத்தாவது படிக்கும் மகள் உள்ளறையில் இருந்தாள். முருகேசனின் மனைவி அமுதா காபியைக் கொடுத்துவிட்டுச் சமையலறை வாசலில் போய் நின்றுகொண்டாள்.

முருகேசன் எங்கள் ஆபீஸில் தபால் பிரிவில் இருந்தவர். ஒட்டிய உறைகளைப் பையில் போட்டுக்கொண்டு பைக்கில் போய், மற்ற அமைச்சகங்களில் கொடுத்துவிட்டு வருவது அவர் வேலை. ஒரு மதியம் திரும்பி வந்து பைக்கை நிறுத்தி, ஹெல்மெட்டைக் கழற்றியவர் அப்படியே சாய்ந்துவிட்டார். ஐம்பது வயது ஆகவில்லை.

என்னை எதற்கு அங்கே அழைத்துப் போனார்கள் என்று சொல்ல வேண்டும். நான் நிர்வாகப் பிரிவு. வீடு வீடாகப் போவது என் வேலை இல்லை. ஆனால் குப்தாஜிக்கு ஒரு கொள்கை உண்டு. சாவு நடந்த வீட்டில் அந்த வீட்டுப் பாஷையில்தான் பேச வேண்டும். அமுதாவுக்குக் கடைத்தெரு இந்தி நன்றாகவே வரும். இருந்தாலும், "அழுகிறவர்களை மொழிபெயர்க்க வைக்கக் கூடாது மேடம்ஜி" என்று சொல்லி என்னைக் கூட்டி வந்தார்.

வேலையில் இருக்கும்போதே ஒருவர் இறந்துவிட்டால் அவர் குடும்பத்தில் ஒருவருக்கு அரசு வேலை தரலாம் என்று விதி இருக்கிறது. கருணை நியமனம் என்பார்கள். தர வேண்டும் என்று இல்லை, தரலாம். காலியிடங்களில் ஒரு சின்னப் பங்குதான் இதற்கு. மனுப் போட்ட குடும்பங்களில் எது ரொம்பச் சிரமத்தில் இருக்கிறது என்று ஒரு குழு ஒப்பிட்டுப் பார்க்கும். கிடைத்தால் வீட்டில் ஒரே ஒருவருக்கு, ஒரே ஒரு முறை.

குப்தாஜி பேனாவைத் திறந்துகொண்டு, மனு யார் பெயரில் என்று இந்தியில் கேட்டார். நான் அதைத் தமிழில் சொல்லி முடிப்பதற்குள் கோவிந்தன் பதில் சொல்லிவிட்டார்.

"இதுல கேக்கறதுக்கு என்னங்க இருக்குது? பையன் பேருலதான்."

"என் பேருல எழுதுங்க."

சமையலறை வாசலிலிருந்து வந்தது குரல். சத்தமாகக்கூட இல்லை.

கோவிந்தன் திரும்பிப் பார்த்தார். "ஏம்மா, எட்டாவது படிச்சவளுக்கு என்ன வேல குடுப்பாங்க? டீ கிளாஸ் எடுக்கற வேலதான் குடுப்பாங்க. இவன் டிகிரி முடிக்கப்போறான். மேச, நாற்காலி போட்டு உக்காருவான்."

"எடுக்கறேன் மாமா. இந்த வீட்டுல இத்தன வருசமா எடுக்கலயா?"

குப்தாஜி என்னைப் பார்த்தார். நான் இந்தியில் சொன்னேன். அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு, ஒவ்வொரு சொல்லாக விளக்கினார். கணவரை இழந்த பெண்ணுக்குப் படிப்புத் தகுதி இல்லாவிட்டாலும் கடைநிலை வேலை தர விதியில் இடம் இருக்கிறது. ஆனால் அம்மாவுக்குக் கிடைத்துவிட்டால் மகனுக்கு எப்போதும் கிடையாது. வயதுவந்த மகன், தனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால்தான் அம்மாவின் மனுவே நகரும்.

எல்லோரும் கார்த்திக்கைப் பார்த்தோம்.

"மம்மி, இது என்ன ஜித்?" என்றான். டெல்லியில் பிறந்த பிள்ளை. பிடிவாதம் என்ற சொல் அவனுக்கு இந்தியில்தான் வரும். "எனக்கும் அது வேணும். சர்க்காரி வேல சும்மா கிடைக்குதா? என் க்ளாஸ்ல பாதிப் பேர் அதுக்குத்தான் கோச்சிங் போறாங்க."

"நீ பரீட்ச எழுதலாம் கண்ணு. இன்னும் எத்தனையோ வருசம் எழுதலாம். எனக்கு யாரு பரீட்ச வெக்கறாங்க?"

 யோசித்துச் சொல்லுங்கள் என்று குப்தாஜி எழுந்துகொண்டார்.

லிஃப்ட்வரை அமுதா கூட வந்தாள். லிஃப்ட் வரத் தாமதமானது. என்னால் சும்மா இருக்க முடியவில்லை. எனக்கு அது சின்ன வயதிலிருந்தே உள்ள வியாதி. "ஏம்மா இவ்வளவு உறுதியா கேக்கறே?" என்றேன்.

"கல்யாணம் ஆயி வந்ததுலேந்து பஸ்ஸுல போவும்போதெல்லாம் 'அதான் என் ஆபீசு'ன்னு கைய காட்டுவாருங்க. உள்ள எப்படி இருக்கும்னு கேட்டா, 'என்ன இருக்கும், ஃபைலு இருக்கும்'பாரு. அதோட பேச்சு முடிஞ்சுது." லிஃப்ட் பொத்தானை மறுபடி அழுத்தினாள். "பசங்க சோத்துக்குத்தான் கேக்கறேன். ஆனா இதுவும் இருக்குதுங்க. உள்ள போயிப் பாக்கணும்."

லிஃப்ட் கதவு மூடிய பிறகும் எனக்கு அந்தக் கடைசி வார்த்தைதான் காதில் இருந்தது.

அதே கதவு வழியாக

வாராவாரம் நான் எழுதும் இந்தப் பத்தியைப் படிக்கும் ஒரு வாசகி கரூரிலிருந்து கேட்டிருந்தார்: "நீங்கள் பரீட்சை எழுதியா வேலைக்கு வந்தீர்கள்? எந்த வாரமும் அதைச் சொல்லவில்லையே?"

இல்லை அம்மா. நானும் இந்தக் கதவு வழியாக வந்தவள்தான்.

அப்பா வேறொரு அமைச்சகத்தில் கிளார்க். நான் கல்லூரி முடித்த வருடம் மஞ்சள்காமாலையில் போனார். துக்கம் கேட்க வந்தவர்கள் எல்லோரும் செருப்பை மாட்டிக்கொள்ளும்போது ஒரே வாக்கியத்தைச் சொன்னார்கள்: "பொண்ணுக்குக் கிடைச்சுடும், கவலப்படாதீங்க." எனக்குக் கிடைத்தது. அவர் இருந்த அதே பிரிவிலேயே போட்டார்கள்; இப்போதுள்ள ஆபீஸுக்கு மாறியது பிறகுதான்.

முதல் நாள் எனக்குக் காட்டிய மேஜை அவருடையது. இழுப்பறையைத் திறந்தால் கிராம்பு வாசனை. பல்வலிக்காக ஒரு பொட்டலம் வைத்திருந்திருக்கிறார். வீட்டில் அவருக்குப் பல்வலி என்றே எங்களுக்குத் தெரியாது. அன்றிலிருந்துதான் எனக்கு ஆபீஸில் இருக்கும் மனிதர்களைப் பார்க்கும்போதெல்லாம், இவர் வீட்டில் எப்படி இருப்பார் என்று தோன்றத் தொடங்கியது. வீட்டில் இருப்பவர்களைப் பார்த்தால், வெளியே எப்படியோ என்று தோன்றும்.

பல வருடங்களுக்கு என் பெயரை யாரும் சொன்னதில்லை. இன்னாருடைய மகள், அவ்வளவுதான். ஒரு பெரியவர், நான் ஃபைலில் குறிப்பு எழுதினால் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "கையெழுத்துகூட அப்படியே" என்று கண் கலங்குவார். எனக்கு அழுகை வராது. ஆச்சரியமாக இருக்கும்.

அமுதா வீட்டிலிருந்து திரும்பிய அன்று சாயங்காலம், மயூர் விஹாரில் எங்கள் வீட்டில் அம்மா பச்சைப் பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு இப்போது எழுபது தாண்டிவிட்டது. அப்பா போனபோது நாற்பத்தைந்துகூட இல்லை. அந்தக் காலத்து எஸ்.எஸ்.எல்.சி. பாஸ். இந்தியும் இங்கிலீஷும் வாசிப்பாள்.

நானும் ஒரு கை பட்டாணியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். "அப்பா போனப்ப, அந்த வேலைக்கு நீ போகணும்னு உனக்குத் தோணிச்சாம்மா?"

"என்னை யாரு கேட்டா?"

"கேட்டிருந்தா?"

"உனக்குத்தான் குடுக்கச் சொல்லியிருப்பேன். வேற என்ன?"

"அப்ப ரெண்டும் ஒண்ணுதானேம்மா."

அம்மா உரித்த தோலை ஒரு பக்கமாக ஒதுக்கினாள். "எப்படி ஒண்ணாகும்? நான் உனக்குக் குடுத்ததா இருந்திருக்கும். இப்ப அவங்க உனக்குக் குடுத்ததா இருக்கு."

இத்தனை வருடத்தில் இது எனக்குத் தெரியாது. எனக்குத்தான் ஊரில் உள்ள எல்லோரையும் கேள்வி கேட்கிற பழக்கம்.

கார்த்திக் வந்தான்

சில வாரங்கள் கழித்து கார்த்திக் ஆபீஸுக்கு வந்தான். தனியாக. வரவேற்பறையில் எனக்காகக் காத்திருந்தான். கையில் மடித்த காகிதம்.

"ஆன்ட்டி, சைன் பண்ணிட்டேன். குப்தா அங்கிள்கிட்ட குடுத்துடுங்க."

"பெரியப்பா?"

"ஊருக்குப் போயிட்டாரு. போன்ல திட்டுறாரு."

வாங்கி வைத்துக்கொண்டு விட்டிருக்கலாம். நான் விடவில்லை. "ஏன் மனசு மாறினே?"

அவன் தரையைப் பார்த்தான். "மனசு மாறல. மம்மி சாயங்காலம் ஆனா தங்கச்சியோட பழைய இந்தி புக்க வெச்சுக்கிட்டு அ, ஆ எழுதறாங்க. பஸ் போர்டெல்லாம் படிச்சுக் காட்டறாங்க. எனக்குத் தெரிஞ்சு அவங்க தனக்குன்னு எதுவும் கேட்டதே இல்ல, ஆன்ட்டி. ஒரு புடவைகூட இல்ல. இதான் ஃபர்ஸ்ட் டைம்." எழுந்து நின்றான். "ஆனா எனக்குக் கோபம் இருக்கு. அது போகல."

"போக வேண்டாம்" என்றேன். அது சரியான பதில்தானா என்று தெரியவில்லை. வாயில் வந்ததைச் சொன்னேன்.

அதே அடுக்குமாடி, வேறு கதவு

மனுப் போட்ட மறு மாதமே வேலை வந்துவிடும் என்று வெளியில் இருப்பவர்கள் நினைக்கிறார்கள். இரண்டு கோடை போயின.

இறந்தவரின் குடும்பம் அரசுக் குடியிருப்பில் ஒரு கெடுவரைதான் இருக்கலாம். கெடு முடிந்தது. அமுதா கோட்லா முபாரக்பூரில் ஒரு மொட்டைமாடி அறைக்குப் போனாள். தகரக் கதவு. மே மாதம் தாழ்ப்பாளைத் தொட்டால் சுடும். கார்த்திக் குருகிராமில் ஒரு கம்பெனியில் வாடிக்கையாளர் சேவையில் சேர்ந்து, நண்பர்களோடு அறை எடுத்துக்கொண்டான். தங்கைக்காக மாதாமாதம் அனுப்பினான். அம்மாவோடு பேச்சு குறைவு.

அமுதா சமையல் வேலைக்குப் போனாள். எங்கே தெரியுமா? அதே கிட்வாய் நகர் அடுக்குமாடியில், தெரிந்தவர்கள் இரண்டு பேர் வீட்டில்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளைப் பார்க்கப் போனபோது இதைச் சொன்னாள். "முத நாள் வாச்மேன் வழக்கம்போல நமஸ்தே பாபிஜின்னாரு, அவருக்கு நான் அண்ணி. நானும் நமஸ்தேன்னேன். அப்புறம் எந்த வீட்டுக்குன்னு கேட்டாரு. சமையலுக்குன்னு சொன்னேன். அவருக்கு என்ன பண்றதுன்னு தெரியல, பாவம். போன எடுத்து என்ன போட்டோ புடிச்சாரு. வேலைக்காரங்கள அதுல பதியணுமாம். புடிச்சுட்டு, மன்னிச்சுக்கங்கன்னாரு."

"உனக்கு எப்படி இருந்துது?"

"போட்டோவுல நல்லாத்தான் இருந்தேன்" என்று சிரித்தாள். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுப்பைத் துடைத்தாள். ஏற்கெனவே துடைத்த அடுப்பு.

முதல் முறை குழு கூடியபோது அவள் பெயர் வரவில்லை. அதைச் சொல்லப் போனவளும் நான்தான். யாருக்குக் கிடைத்தது என்று கேட்டாள். சொன்னேன். மூன்று பிள்ளைகள் உள்ள வீடு, கடைசி கைக்குழந்தை.

"அப்ப சரிதாங்க" என்றாள். கொஞ்சம் கழித்து, "சரின்னு சொல்ல முடியுது. தாங்கத்தான் முடியல" என்றாள்.

அடுத்த முறை குழு கூடியபோது கிடைத்தது. போனில் சொன்னேன்.  குக்கர் விசில் மட்டும் கேட்டது. "அமுதா?" என்றேன். "இருங்கக்கா, இவங்க பருப்பு கொழஞ்சிடும்" என்று அடுப்பை அணைத்துவிட்டு வந்துதான் அழுதாள். அதுவரை என்னை மேடம் என்றுதான் கூப்பிடுவாள். அன்றைக்கு அக்காவானேன்.

தபால் பிரிவில் சிரிப்பு

அமுதாவை எங்கள் மாடியிலேயே போட்டார்கள். ஃபைல்கள் எல்லாம் கம்ப்யூட்டருக்குள் போய்விட்டன என்று சொல்லிக்கொண்டாலும், கையில் தூக்கிக்கொண்டு போக வேண்டியவை இன்னும் மிச்சம் இருக்கின்றன. அவள் முதல் சில நாட்கள் நடந்த விதம் நினைவிருக்கிறது. ஒவ்வொரு அறை வாசலிலும் ஒரு நொடி நிற்பாள். மின்விசிறி, பீரோ, ஜன்னலில் புறா, எல்லாவற்றையும் ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் உள்ளே போவாள்.

அந்த வாரமே ஒரு நாள் தபால் பிரிவுக்கு உறைகளைக் கொடுக்கப் போனவள் திரும்பவில்லை. முருகேசன் வேலை பார்த்த இடம். என்ன ஆயிற்றோ என்று நானே இறங்கிப் போனேன். கோந்து வாசனை அடிக்கும் அந்தத் தாழ்வான அறையிலிருந்து சிரிப்புச் சத்தம்.

ராம்பீர் என்று ஒருவர். ஹரியானாக்காரர், முருகேசனோடு பல வருடம் சேர்ந்து வேலை பார்த்தவர். அறை நடுவில் வயிற்றைத் தள்ளிக்கொண்டு நடந்து காட்டிக்கொண்டிருந்தார். எங்கள் இயக்குநர் அப்படித்தான் நடப்பார். "முருகேசன் இன்னும் நன்றாகச் செய்வான், பாபிஜி. நான் செய்வது ஒன்றுமில்லை" என்று இந்தியில் சொன்னார். பிறகு மூக்குக் கண்ணாடியை ஒரு விரலால் ஏற்றிக்கொள்வதுபோல் பாவனை செய்து, கழுத்தை நீட்டி, மெல்லிய குரலில், "அச்சா, ஏக் பாத் பூச்சூன்?" என்றார். ஒன்று கேட்கட்டுமா என்று.

அறையே வெடித்தது. அது நான்தான் என்று எனக்குப் புரிய ஒரு கணம் ஆனது. வாசலில் நின்ற என்னை அப்போதுதான் அவர்கள் பார்த்தார்கள்.

முருகேசன் என்னை எதிரில் பார்த்தால் "வணக்கம்மா" என்று சொல்லிவிட்டு ஓரமாக நகர்ந்துபோகிறவர். அதற்குமேல் ஒரு வார்த்தை நான் கேட்டதில்லை. அவர் இந்த அறையில் ஆபீஸ் முழுவதையும் நடித்துக் காட்டியிருக்கிறார். பகல் சாப்பாட்டு வேளையில் மற்றப் பிரிவுக்காரர்கள்கூட வந்து உட்காருவார்களாம்.

அமுதா புடவைத் தலைப்பை வாயில் பொத்திக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள். கண்ணில் நீர் வழிந்தது. மாடிப்படி ஏறும்போது பாதியில் நின்றாள்.

"வீட்டுல டிவிக்குக்கூடப் பதில் சொல்ல மாட்டாருக்கா. இத ஏன் எனக்குக் காட்டல?"

குப்தாஜியிடம்கூட அதற்கு விதி கிடையாது. நான் அவள் கூடவே ஏறினேன். பிறகு ரொம்ப நாளைக்கு அவள் பகல் சாப்பாட்டுக்குத் தபால் பிரிவுக்குத்தான் போனாள். அவர்களிடம் இருந்த முருகேசனைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கேட்டு வாங்கிக்கொண்டாள்.

வாசலில்

போன குளிர்காலம். அமுதாவுக்கு லக்ஷ்மிபாய் நகரில் ஒரு சின்னக் குவார்ட்டர்ஸ் கிடைத்திருந்தது. மகள் கல்லூரிக்குப் போய்க்கொண்டிருந்தாள்.

மதிய இடைவேளையில் நானும் அமுதாவும் ஆபீஸ் வாசலுக்கு வெளியே இஞ்சி டீ குடித்துக்கொண்டிருந்தோம். வெயில் முதுகில் படுகிற மாதிரி நின்றிருந்தோம். கார்த்திக் பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தான். வேலை நாளில் குருகிராமிலிருந்து அவன் அங்கே வரக் காரணமே இல்லை. அமுதா டம்ளரைத் தாழ்த்தினாள்.

"வேல போயிடுச்சு மம்மி" என்றான். "எங்க டீம் மொத்தத்தையும் எடுத்துட்டாங்க. போன வாரமே. போன்ல சொல்ல வரல."

அமுதா தன் டீயை அவன் கையில் கொடுத்தாள். அவன் குடிக்கவில்லை. கம்பிக் கதவுக்கு அப்பால் இருந்த கட்டடத்தைப் பார்த்தான்.

"உள்ள நான் இருந்திருப்பேன்."

சண்டைக்காரக் குரலில் சொல்லவில்லை. அதனாலேயே எனக்கு, அங்கிருந்து நகர்ந்துவிடலாமா என்று நினைத்தேன். நகரவில்லை.

"ஆமாண்டா" என்றாள் அமுதா. "இருந்திருப்ப."

அவன் வேறு பதிலை எதிர்பார்த்திருந்தான் போலிருக்கிறது. முகத்தைத் திருப்பி அவளைப் பார்த்தான்.

"நீ கேட்டதும் தப்பில்ல, நான் கேட்டதும் தப்பில்ல. வேல ஒண்ணுதான் இருந்துச்சு. நான் என்ன பண்ணட்டும்?" அவன் தோளில் ஒட்டியிருந்த நூலை எடுத்துப் போட்டாள். "ரூம காலி பண்ணிட்டு வீட்டுக்கு வா. உக்காந்து படி. பரீட்ச எழுது."

"உங்க சம்பளத்துல உக்காந்து சாப்பிடச் சொல்றீங்களா?"

"சாப்பிட்டுத்தான் ஆவணும். சேரும்போதே என்கிட்ட எழுதி வாங்கிட்டாங்க, வீட்டுல இருக்கறவங்கள நல்லபடியா பாத்துக்குவேன்னு. பாத்துக்கலன்னா என்னய வேலைய விட்டு எடுத்துருவாங்க."

கார்த்திக் என் பக்கம் திரும்பினான். "நிஜமாவா ஆன்ட்டி?"

"நிஜம்தான். விதியே அப்படித்தான்."

அவன் வாயோரம் லேசாக இழுத்தது. சிரிப்பை அடக்குகிறானா, வேறு எதையாவதா என்று எனக்குத் தெரியவில்லை. டீயை ஒரே மூச்சில் குடித்துவிட்டு டம்ளரைக் கடைக்காரரிடம் நீட்டினான்.

இடைவேளை முடிந்து ஆட்கள் உள்ளே போகத் தொடங்கினார்கள். அமுதா இடுப்பிலிருந்து சாவியை எடுத்து அவன் கையில் வைத்தாள். "சோறு இருக்குது. ரசத்த மட்டும் சூடு பண்ணிக்க. தங்கச்சி வந்துருவா."

அவன் சாவியைப் பையில் போட்டுக்கொண்டு நாலடி நடந்தான். பிறகு திரும்பி நின்றான்.

"நீங்க எப்ப வருவீங்க?"

"ஆறரைக்கு" என்றாள் அமுதா, அடையாள அட்டையைக் கழுத்தில் சரிசெய்துகொண்டே. "உங்கப்பா வர்ற நேரந்தான்."